நிறங்களின் மறைகுழுவைச் செட்டிநாட்டில் நம்பும்படி எழுதுவது எப்படி?

செட்டிநாட்டைக் களமாகக் கொண்ட ஒரு நாவலில், நிறங்களின் மந்திரத்தைப் போற்றும் மறைகுழு ஒன்றைக் கற்பனையாகப் படைத்திருப்பதாகவும், அக்குழுவில் ஏழு நிறங்களுக்கு ஏழு படிகள் உண்டு என்றும், சிவப்புக்கு வீரம், நீலத்துக்கு நோய் தீர்த்தல், பச்சைக்குச் செல்வம் என்று சக்திகளை வகுத்திருப்பதாகவும் எழுதியிருக்கிறீர்கள். இந்த வகுப்பு பொருந்துமா, 1850க்கும் 1910க்கும் இடையே கதையை எந்தக் காலத்தில் நிறுத்தலாம், குழுவை நகரத்தார் எனப்படும் நாட்டுக்கோட்டைச் செட்டியார்களின் ஒன்பது நகரக் கோயில்களுள் ஒன்றோடு இணைக்கலாமா என்பவை உங்கள் மூன்று கேள்விகள். மூன்றுக்கும் அடியில் ஒரே கேள்விதான் இருப்பதாக எனக்குப் படுகிறது: இந்த ஊர்க்காரர் ஒருவர் நாவலைக் கையில் எடுத்தால், எங்கள் மண்ணில் முளைத்த மந்திரம் இது என்று நம்புவாரா, வேறெங்கோ யாருக்கோ தைத்த சட்டையை எங்களுக்குப் போட்டுவிட்டார்கள் என்று மூடி வைத்துவிடுவாரா?

நான் முப்பது ஆண்டுகளாகச் சாயத் தொழிலில் இருப்பவன். கல்லூரியில் படித்தது துணிச்சாய வேதியியல். காரைக்குடிக்கு அருகே சிறு பட்டறை வைத்து நூலுக்குச் சாயம் ஏற்றுவது பிழைப்பு. அவுரி, சாயவேர், கடுக்காய் ஆகியவற்றைக் கொண்டு பழைய முறையில் சாயம் ஏற்றுவது விருப்பத்தால் கற்றுக்கொண்டது. ஆகவே சாயத்தைப் பற்றி நான் கூறுபவை என் கை அறிந்தவை. சமயத் தத்துவத்தைப் பற்றிக் கூறுபவை நூல்களை வாசித்துத் தெரிந்துகொண்டவை. அந்தப் பகுதியை முறையாகத் தமிழ் பயின்ற ஒருவரிடமும் காட்டிக்கொள்ளுங்கள்.

முதலில் ஏழு என்னும் கணக்கை விட்டுவிடும்படி கேட்டுக்கொள்கிறேன். வானவில்லின் நிறங்களை முதலில் ஐந்தாக எண்ணிய நியூட்டன், இசையின் ஏழு சுரங்களோடு ஒப்புமை அமைய வேண்டும் என்று ஆரஞ்சையும் கருநீலத்தையும் சேர்த்து ஏழாக்கினார். மூலாதாரத்துக்குச் சிவப்பில் தொடங்கிச் சகஸ்ராரத்துக்கு ஊதாவில் முடியும், இன்றைய யோகா வகுப்புச் சுவர்களில் தொங்குகின்ற வரிசையும், இருபதாம் நூற்றாண்டில் மேலைநாடுகளில் கோக்கப்பட்டதே. பழைய தந்திர நூல்களில் சக்கரங்களின் நிறங்கள் வானவில் வரிசையில் வருவதில்லை. 1850இல் இங்கே வாழ்ந்த குழுவினர் அந்த வரிசையை ஓதினால், விஷயம் தெரிந்த வாசகர் அந்தப் பக்கத்திலேயே நின்றுவிடுவார். அதைவிட முக்கியமான குறை, ஒரு நிறத்துக்கு ஒரு சக்தி என்னும் அமைப்பே தமிழின் போக்குக்கு ஒட்டாதது. நம் மொழியில் நிறம் பெரும்பாலும் வினையாக வருகிறது. முகம் சிவக்கிறது, வானம் கறுக்கிறது, கிழக்கு வெளுக்கிறது, இலை பழுக்கிறது. கறுப்பு, சிவப்பு என்னும் சொற்கள் வெகுளியை உணர்த்துவன என்று முதலில் கூறிவிட்டு, நிறத்தை உணர்த்தவும் அவை உரியன என்று அடுத்த நூற்பாவில்தான் தொல்காப்பியம் சேர்க்கிறது. பச்சைத் தண்ணீர், பச்சைப் பிள்ளை, பச்சை உடம்பு என்று சொல்லும்போது இலையின் நிறத்தை யாரும் நினைப்பதில்லை. காயாததும் ஆறாததும் முதிராததும் நமக்குப் பச்சை. உங்கள் குழு போற்றும் மந்திரம் இந்த வினையில் இருக்கட்டும். ஒரு நிறம் இன்னொன்றாக மாறுவது, மாறியபின் அங்கேயே நிலைப்பது, இவ்விரண்டையும் காக்கும் குழுவாக அதை எழுதினால், செட்டிநாட்டு வீடுகளின் அடுப்படியிலிருந்தே உங்களுக்குச் சடங்குகள் கிடைக்கும்.

எங்கள் அப்பத்தா ஆரத்தி கரைப்பதைச் சிறுவயதில் தரையில் குப்புறப் படுத்துக்கொண்டு பார்த்திருக்கிறேன். பித்தளைத் தாம்பாளத்தில் தண்ணீர். அதில் இரண்டு சிட்டிகை மஞ்சள்தூள். தண்ணீர் வெறும் மஞ்சளாக நிற்கும். பிறகு வெற்றிலைப் பெட்டியிலிருந்து சுண்ணாம்பை ஆள்காட்டி விரல் நுனியில் தொட்டுத் தாம்பாளத்தின் ஓரத்தில் வைத்து, விரலை மெல்ல ஒரு சுற்றுச் சுற்றுவார். விரல் போன தடத்தில் மட்டும் சிவப்பு ஓடும். இரண்டாவது சுற்றில் தாம்பாளம் முழுவதும் இரத்தமாகிவிடும். அந்தச் சிவப்பைத்தான் மணமக்களுக்கும் பிள்ளைபெற்று வீடு திரும்புகிறவளுக்கும் சுற்றி, வாசலில் ஊற்றிக் கண்ணேறு கழிக்கிறோம். மஞ்சளிலுள்ள குர்குமின் என்னும் பொருள் சுண்ணாம்பு போன்ற காரத்தில் சிவந்து, புளிப்பில் மறுபடி மஞ்சளாகும் என்பது இதன் வேதியியல். அந்தத் தாம்பாளத்தில் எலுமிச்சை பிழிந்தால் சிவப்பு மறைந்து மஞ்சள் திரும்புவதை நீங்களே செய்து பார்க்கலாம். காரணத்தைப் பத்தொன்பது வயதில் படித்துவிட்டேன். விரல் சுற்றும் அந்தக் கணத்தில் இன்றும் எனக்கு மூச்சு நிற்கத்தான் செய்கிறது. உங்கள் குழுவில் சேரும் ஒருவருக்கு முதல் நாள் காட்டப்படும் காட்சி இதுவாக இருந்தால், வாசகர் யாருக்கும் விளக்கம் வேண்டியிராது. எல்லாரும் அதைப் பார்த்திருக்கிறார்கள், யாரும் அதை மந்திரம் என்று எண்ணிப் பார்த்ததில்லை.

இதைவிடப் பெரிய மாற்றம் நீலத்தில் இருக்கிறது. அவுரி இலையிலிருந்து எடுத்த நீலக்கட்டி தண்ணீரில் கரையாது. மண்தாழியில் சுண்ணாம்புத் தெளிவையும் வேகவைத்த தகரை விதையையும் சேர்த்து மூடி வைத்தால், சில நாளில் அது புளித்து, உள்ளே ஆக்சிஜன் அற்றுப்போய், நீலம் தன் நிறத்தை இழந்து கரைகிறது. அப்போது தாழியின் மேல் செம்பு மினுக்கோடு நீல நுரை கட்டியிருக்கும். நுரையை விலக்கினால் உள்ளே மஞ்சள் கலந்த பச்சைத் தண்ணீர் தெரியும். நூல்கழியை அதில் முக்கி, பிழிந்து வெளியே எடுக்கும்போதும் அந்தப் பச்சைதான். காற்றுப் பட்டதும் மேற்புறம் முதலில் நீலமாகத் தொடங்கும். கழியை விரித்தால் மடிப்புக்குள் இன்னும் பச்சை ஒளிந்திருக்கும். பார்த்துக்கொண்டிருக்கும்போதே அதுவும் போய்விடும். தாழி உயிருள்ள பொருள். அதற்குச் சூடு வேண்டும், நாள்தோறும் கவனிப்பு வேண்டும். ஒரு மார்கழியில் குளிர் தாங்காமல் என் தாழி செத்துப்போய், அந்த மாதத்து நீலக்கட்டி முழுவதும் வீணாயிற்று. அன்று பட்டறையில் யாரும் சத்தமாகப் பேசவில்லை. பழைய சாயக்காரர்கள் தாழியை மோந்து பார்த்தும், ஒரு துளியை நாக்கில் தொட்டுப் பார்த்தும் அதன் நிலையைச் சொன்னார்கள். குழுவின் தலைவர் என்று நீங்கள் எழுதியிருக்கும் முதியவருக்குத் தாடியும் தண்டமும் தேவையில்லை என்பது என் எண்ணம். மணிக்கட்டு வரை நீலம் ஏறிய கைகளும், தாழியை அறியும் நாக்கும் இருந்தால் போதும்.

அடுத்து நிலைப்பது. நீலம் நூலுக்குள் தானாகவே தங்கிவிடும், சிவப்பு தங்காது. சாயவேரைக் கொதிக்க வைத்து வெறும் பருத்தித் துணியை முக்கினால், இரண்டு வெளுப்பில் நிறம் போய்விடும். துணியை முன்பே கடுக்காயிலும் படிகாரத்திலும் ஊறவைத்திருந்தால்தான் சிவப்பு இழையைப் பிடித்துக்கொள்ளும். படிகாரத்துக்குப் பதிலாக இரும்புக் கரைசல் இட்டால் அதே வேர் சிவப்பைத் தராமல் ஊதாவுக்கும் கறுப்புக்கும் போகும். எந்த நிறம் வரப்போகிறது என்பதை வேர் தனியாகத் தீர்மானிப்பதில்லை. கண்ணுக்குத் தெரியாமல் துணியில் முன்பே ஏறியிருக்கும் படிகாரம், இரும்பு போன்ற உப்புக்கும் அதில் பங்கு உண்டு. நாவலாசிரியருக்கு இதைவிட நல்ல கருவி கிடைக்காது என்று நினைக்கிறேன். படிகாரக் கரைசலில் எழுதுகோலைத் தொட்டு ஒரு வெள்ளைத் துணியில் எழுதிக் காயவைத்தால், எழுதியது தெரியாது. அந்தத் துணியைச் சாயவேரில் கொதிக்க வைத்து, சாணநீரில் அலசி, சில நாள் வெயிலில் விரித்துத் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தால், மற்ற இடமெல்லாம் வெளுத்து, எழுதிய இடம் மட்டும் சிவந்து நிற்கும். சோழமண்டலக் கரையின் புகழ்பெற்ற சித்திரத் துணிகளின் சிவப்பு இந்த வழியில்தான் உருவாயிற்று. உங்கள் குழுவினர் ஒருவருக்கொருவர் அனுப்பும் செய்தி, வழியில் யார் பிரித்தாலும் வெறும் வேட்டியாகவே தெரியும். பொய் வெளிப்பட்டுவிட்டால் ‘சாயம் வெளுத்துப் போச்சு’ என்று சொல்லும் மொழி நம்முடையது. நிலைக்காத நிறமே நமக்குப் பொய்க்கு உவமை. குழுவினரின் ஆணையும் சாபமும் இந்தச் சொற்றொடரைச் சுற்றியே அமையலாம்.

பச்சையைப் பற்றி ஒரு சிறு செய்தி. இலையின் பச்சை துணியில் நிற்காது. நீலத்தின் மேல் மஞ்சள் ஏற்றித்தான் பச்சை பெற்றார்கள். மஞ்சள் வெயிலில் முதலில் போய்விடுவதால், பழைய சித்திரத் துணிகளில் இலைகள் இன்று நீலமாக நிற்கின்றன. தலைமுறைகளாகப் பெட்டியில் வைத்துக் காத்த குழுவின் கொடி ஒன்று உங்கள் கதையில் வருகிறது. பெட்டியை அடிக்கடி திறந்து வெயிலில் காட்டிய தலைமுறை எது என்பதை அந்தக் கொடியே சொல்லிவிடும்.

ஏழுக்குப் பதிலாக எந்த எண்ணை வைப்பது என்றால், ஆறு என்பேன். பழந்துறவுச் சமயத்தாரான ஆசீவகர்களின் கொள்கையைக் கூறும் இடத்தில், சமயக் கணக்கர் தம் திறம் கேட்ட காதையில், மணிமேகலை ஆறு பிறப்புகளை நிறத்தால் வரிசைப்படுத்துகிறது: கருமை, கருநீலம், பசுமை, செம்மை, பொன்மை, வெண்மை. உயிர் இவற்றின் வழியே ஏறி, எல்லாவற்றிலும் மேலான வெண்மையாகிய கழிவெண் பிறப்பை அடைந்து வீடு பெறும் என்பது அவர்கள் கொள்கை. சமணத்திலும் உயிரின் இயல்பைக் கறுப்பு முதல் வெள்ளை வரை ஆறு நிறங்களால் குறிக்கும் இலேசியைக் கோட்பாடு உண்டு. நகரத்தார் சைவர்கள் என்பதால் சைவ நூலொன்றையும் சொல்லிவிடுகிறேன்: நிலம் பொன்னிறம், நீர் வெண்மை, தீ சிவப்பு, காற்று கறுப்பு, வான் புகைநிறம் என்று உண்மை விளக்கம் ஐம்பூதங்களுக்கு நிறம் கூறுகிறது. இவையெல்லாம் ஐயத்துக்கு இடமில்லாதவை. 1872இல் வடலூரில் வள்ளலார் தொடங்கிய சத்திய ஞான சபையில் சோதியை மறைக்கும் ஏழு திரைகளின் வரிசை கறுப்பு, நீலம், பச்சை, சிவப்பு, பொன், வெள்ளை, கலப்பு என்று அமைந்திருப்பதும் உறுதியானதே. முதல் ஆறும் ஆசீவகரின் வரிசையோடு பொருந்துவதை முதன்முதலில் கவனித்த இரவில் எனக்கு உறக்கம் வரவில்லை. ஆனால் ஒன்றிலிருந்து மற்றொன்று வந்தது என்று சொல்ல என் கையில் சான்று இல்லை. இருளிலிருந்து ஒளிக்கு ஏறும் எண்ணம் இரண்டு இடங்களில் தனித்தனியே தோன்றவும் கூடும். நாவலில் அந்தத் தொடர்பை ஒரு பாத்திரத்தின் நம்பிக்கையாக வைக்கலாம். கதைசொல்லி அதை வரலாறாக உறுதிசெய்யாமல் இருப்பது நல்லது. வடலூர் சபை இன்றும் மக்கள் விளக்கேற்றி வணங்கும் இடம் என்பதால், உங்கள் குழுவின் கிளையாக அதைக் காட்ட வேண்டாம்.

இந்த ஆறு படிகளைச் சாயக்காரன் கண்ணால் பார்த்தால் ஒரு முரண் தெரியும். ஞானியின் ஏணி கறுப்பில் தொடங்கி வெள்ளையில் முடிகிறது. சாயப்பட்டறையின் ஏணியோ வெள்ளையில் தொடங்கிக் கறுப்பில் முடிகிறது. நீலத்தின் மேல் சிவப்பும் அதன்மேல் கடுக்காயும் இரும்பும் ஏற்றிக் கறுப்பாக்கியபின் அதற்கு மேல் ஏற்ற நிறமில்லை. ஒரே குழுவுக்குள் இரண்டு கட்சிகள் தோன்ற இது போதும். நிறத்தைக் கழற்றிக் கழற்றி வெண்மைக்குப் போவதே முத்தி என்பார் ஒரு சாரார்; நிறங்களையெல்லாம் ஏற்றுக்கொண்டு நிறைவதே முத்தி என்பார் மறுசாரார். இந்த விவாதம் வெறும் தத்துவமாக நின்றுவிடாமல் இருக்க, வீட்டுக்குள் வெள்ளைப் புடவை உடுத்திய ஒரு பெண்ணை வையுங்கள். உங்கள் கதைக் காலத்தில், பதினாறு வயதில் கணவனை இழந்தவளுக்கும் எஞ்சிய வாழ்நாள் முழுவதும் வெள்ளைதான். ரங்கூனிலிருந்து கடிதம் வந்த அன்று அவளிடமிருந்து மஞ்சளும் குங்குமமும் பறிக்கப்பட்டன; வீட்டு உள்முற்றமான அதே வளவின் மறுமூலையில் வெண்மையே வீடுபேறு என்று ஆண்கள் ஓதிக்கொண்டிருக்கிறார்கள். அவள் கேட்கும் ஒரு கேள்விக்கு அவர்களால் பதில் சொல்ல முடியாது. நீங்கள் அனுப்பிய சுருக்கத்தில் பெண்களே இல்லை என்பதால் இதைச் சற்று அழுத்திச் சொல்கிறேன். ஆரத்தி கரைக்கும் கையைத் தவிர்த்துவிட்டு இந்த ஊரில் நிற மந்திரம் எழுத முடியாது.

காலத்தைப் பற்றிய கேள்விக்கு வருகிறேன். 1856இல் பதினெட்டு வயதுப் பெர்கின் நிலக்கரித் தாரிலிருந்து ஊதாச் சாயத்தை உண்டாக்கினார். 1868இல் ஜெர்மானிய வேதியியலாளர்களான கிரேபேயும் லீபர்மானும் அலிசரின் என்னும் சிவப்புச் சாயப்பொருளை ஆய்வகத்தில் செய்தார்கள். 1897இல் ஜெர்மனியின் பாஸ்ஃப் நிறுவனம் செயற்கை நீலத்தை விற்பனைக்குக் கொண்டுவந்தது. உங்கள் கதை இந்தக் கடைசி ஆண்டைச் சுற்றி நிகழட்டும். கொண்டுவிக்க, அதாவது வணிகத்துக்காகக் கடல்கடந்து போன ஒருவரோடு சென்ற, கடையில் தொழில் பழகும் பெட்டியடிப் பையன், கப்பலில் திரும்பும்போது ஒரு சாயப்பொடி டப்பாவைக் கொண்டுவந்து வீட்டுப் பட்டாலையில் வைக்கிறான். இங்கே ஒரு நுட்பத்தைத் தவறவிடாதீர்கள். அந்த டப்பாவிலிருப்பது போலி என்று முதியவர் எளிதாகத் தள்ளிவிட முடியாது. சாயவேரின் சிவப்புக்குக் காரணமான அலிசரினும் ஜெர்மானிய அலிசரினும் ஒரே மூலக்கூறு. அவுரியின் நீலமும் தொழிற்சாலை நீலமும் அப்படியே. வேரில் துணைப்பொருள்கள் சில கூடுதலாக உண்டு, அதனால் நிறத்தில் ஒரு கனிவு இருக்கும் என்பதை என் அனுபவத்தில் ஒப்புக்கொள்வேன். ஆனால் சாயம் வெளுக்கும் என்று சபிக்க முடியாது, அது வெளுக்காது. பொய்யை எதிர்க்கப் பழகிய ஒரு குழு, உழைப்பில்லாமல் வந்த மெய்யை எப்படி எதிர்கொள்ளும்? உங்கள் நாவலின் நடுப்பகுதி முழுவதையும் இந்தக் கேள்வி தாங்கும்.

களப்பொருள்களில் சில திருத்தங்கள். ஆத்தங்குடித் தரைக்கல்லை 1850களில் அமைந்த அத்தியாயத்தில் வைத்திருக்கிறீர்கள். சிமென்ட் இல்லாமல் அந்தக் கல் இல்லை, ஆகவே அதை நீக்கிவிட்டு, சுண்ணாம்போடு முட்டை வெள்ளைக்கருவும் கடுக்காயும் சேர்த்துக் கல்லால் தேய்த்து மெருகேற்றிய சுவரை அங்கே வையுங்கள். கதையைப் பின்னால் நீட்டி அடுத்த தலைமுறைக்குக் கொண்டுபோவதாக இருந்தால் மட்டும் ஆத்தங்குடிக் கல்லைப் பயன்படுத்தலாம். அப்போது அது செய்யப்படும் விதத்தை நேரில் போய்ப் பாருங்கள்: கண்ணாடித் தகட்டின்மேல் அச்சை வைத்து, அதன் அறைகளுக்குள் கரண்டியால் வண்ணக் கலவையை ஊற்றி, அச்சைத் தூக்கிவிட்டு, மேலே மணலும் சிமென்டும் இட்டு அழுத்துவார்கள். முகப்பு கீழே கண்ணாடியோடு ஒட்டியிருக்கும். செய்பவர் கடைசிவரை முதுகையே பார்த்துக்கொண்டிருப்பார். சில நாள் தண்ணீரில் ஊறிக் காய்ந்தபின் கண்ணாடியிலிருந்து கழலும்போதுதான் பூ தெரியும், சூளை கிடையாது. குழுவினர் உடுத்தும் ஆடைக்குப் பட்டு அங்கி வேண்டாம். அரக்கும் மஞ்சளும் கறுப்பும் கட்டங்களாக ஓடும் கண்டாங்கியே இந்த மண்ணின் பருத்தி. காரைக்குடிக் கண்டாங்கிக்கு 2019இல் புவிசார் குறியீடும் கிடைத்திருக்கிறது.

கோயிலைப் பற்றிய கேள்விக்கு என் பதில், இணைக்க வேண்டாம் என்பதே. இளையாற்றங்குடி, மாத்தூர், வைரவன்பட்டி, நேமம், இலுப்பைக்குடி, சூரைக்குடி, வேலங்குடி, இரணியூர், பிள்ளையார்பட்டி ஆகிய ஒன்பதும் கற்பனைக்குத் திறந்து கிடக்கும் பாழிடங்கள் அல்ல. ஒவ்வொரு நகரத்தார் குடும்பமும் இவற்றுள் ஒன்றைச் சேர்ந்தது, திருமணப் பேச்சில் முதலில் கேட்பது கோயிலின் பெயரைத்தான். ஒன்றைத் தேர்ந்தெடுத்து மறைகுழுவை உள்ளே வைத்தால், உயிரோடிருக்கும் ஆயிரக்கணக்கானவர்களின் தாத்தாக்கள்மேல் நீங்கள் கதை கட்டியதாகும். அதற்குப் பதிலாகக் குழுவின் வேரைச் சித்தன்னவாசலில் ஊன்றலாம். புதுக்கோட்டைக்கு அருகிலுள்ள அந்தக் குன்றின் ஏழடிப்பட்டத்தில் பதினேழு கற்படுக்கைகள் உள்ளன. குடைவரையின் விதானத்தில் தாமரைக் குளமும், பூப்பறிக்கும் உருவங்களும், யானையும் மீனும் சுண்ணாம்புப் பூச்சின்மேல் தீட்டப்பட்டுள்ளன. அங்கே வாழ்ந்தவர்கள் சமணர் என்பது பெரும்பாலான அறிஞர்களின் முடிவு. ஆசீவகர் என்று வாதிடுவோரும் உண்டு. அந்த ஐயமே உங்களுக்கு வேண்டிய இடைவெளியைத் தரும். குழுவின் பட்டறையை ஊருக்கு வெளியே, செம்புறாங்கல் மேட்டுக்குக் கீழ், ஊருணிக்குத் தண்ணீர் வரும் பாதைக்கு எதிர்ப்பக்கத்தில் வையுங்கள். குடிக்கும் ஊருணியில் சாயத் தண்ணீர் கலக்க எந்த ஊரும் விடாது. அந்த ஒரு வரியைப் படித்தாலே, எழுதியவருக்கு எங்கள் ஊர் தெரியும் என்று ஊர்க்காரர் அடுத்த பக்கத்தைப் புரட்டுவார்.